நீல ராஜாவைக் காணோம்

நாவல்களில் வரும் துப்பறிவாளர்களுக்குப் பல் வலிப்பதில்லை. அவர்கள் தோளில் குண்டு பாயும், கன்னத்தில் கத்தி கீறும், மாடியிலிருந்து குதித்தால் முட்டி பெயரும். கடைவாய்ப் பல் சொத்தையாகி, வெந்நீர் பட்டால் காது வரைக்கும் சுரீர் என்று இழுக்கும் என்று யாரும் எழுதுவதில்லை. லென்ஸுக்கு ஒரு மாதமாக அப்படித்தான் இழுத்துக்கொண்டிருந்தது. அதனால்தான், காலையில் ஒரு பல் டாக்டர் போன் செய்து "ஒரு கேஸ் இருக்கு, வர முடியுமா" என்று கேட்டதும், என்ன கேஸ் என்றுகூடக் கேட்காமல் ஓடினார்.

அந்தக் கேஸை மத்தியானத்துக்குள் முடித்தும் விட்டார். கூலியாக டாக்டரே தன் கையால் சொத்தையைக் குடைந்து அடைத்து அனுப்பினார். இப்போது சாவி செய்கிற கடைக்கு மேலே இருக்கும் தன் ஒற்றை அறை ஆபீஸில், ஊசி போட்டதால் இடது பக்க வாய் மரத்துப்போய், லென்ஸ் டீ குடிக்க முயன்றுகொண்டிருந்தார். பாதி உள்ளே போயிற்று. மீதி சட்டையில் இறங்கிற்று.

"சட்டைக்கும் பசி போல" என்றார் அக்கா.

லென்ஸ் என்ற பெயர் தெரு கொடுத்தது. தொழில் தொடங்கிய புதிதில் ஒரு பெரிய பூதக்கண்ணாடி வாங்கி, அதை எல்லோருக்கும் தெரியும்படி சட்டைப்பையில் செருகிக்கொண்டு நடந்ததன் பலன். இத்தனை வருடத்தில் அந்தக் கண்ணாடியால் அவர் கண்டுபிடித்தது மருந்து பாட்டில்களின் காலாவதித் தேதியை மட்டும்தான். உதவியாளர் அவருடைய கூடப்பிறந்த அக்கா. டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆயுசு முழுக்க அடுத்தவர் பேச்சைக் கேட்டு ஓய்வு பெற்றவர். "உன்னைவிட எனக்குத்தான் இந்தத் தொழில்ல அனுபவம் ஜாஸ்தி" என்று சொல்லிக்கொண்டு வந்து நாற்காலியைப் பிடித்துவிட்டார். வாடிக்கையாளர் முன்னால் தம்பியை "சார்" என்று கூப்பிட வேண்டும் என்று ஒப்பந்தம். கூப்பிடுவார். ஆனால் அவர் வாயிலிருந்து வரும் "சார்" சாதாரண "டேய்"யைவிடக் கேவலமாக விழும்.

"ஒரே காலையில ஒரு கேஸை முடிச்சிருக்கேன். நல்லதா ஒரு வார்த்தை சொல்ல மாட்டியா?" என்றார் லென்ஸ். உதடு ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு போனதால் பெருமையில் பாதிதான் வெளியே வந்தது.

"முடிச்சது தெரியும். சரியா முடிச்சியான்னுதான் யோசிக்கறேன்."

லென்ஸ் கோப்பையைக் கீழே வைத்தார். அக்கா யோசிக்க ஆரம்பித்தால் அவர் முடித்தது முடிந்ததாக நிற்காது.

கேஸ் இதுதான். டாக்டரின் கிளினிக்கில் நோயாளிகள் காத்திருக்கும் ஹாலில் ஒரு பக்கச் சுவர் முழுக்கக் கண்ணாடி. அதற்குப் பின்னால் ஒரு குட்டிக் காடு. அகலமான இலைச் செடிகள், தொங்கும் கொடிகள், கூரையிலிருந்து பூந்தூறலாகத் தண்ணீர் தூவும் குழாய். தாழ்நில மழைக்காட்டுப் பறவைக்கு என்ன சூடு, என்ன ஈரம் வேண்டுமோ அவ்வளவும் உள்ளே இருந்தது. அங்கேதான் ராஜா குடியிருந்தான். உள்ளங்கைக்குள் அடங்கும் உடம்பு. உடம்பெல்லாம் பளபளக்கும் கருநீலம், உச்சந்தலையில் மட்டும் வெளிர்நீலத் தொப்பி, கன்னங்கரேல் என்று சிறகு, செக்கச்செவேல் என்று கால். பூவுக்குள் விட்டுத் தேன் எடுக்க வளைந்த ஊசி மூக்கு. காலை வேளையில் மெல்லிய குரலில் இரண்டு வரி பாடுவான். உள் அறையில் மிஷின் பல்லைக் குடையும் சத்தம் கேட்கும்போதெல்லாம் வெளியே இருப்பவர்கள் ராஜாவைப் பார்த்துத் தைரியம் வரவழைத்துக்கொண்டார்கள். பறவை வளர்க்கும் வெளியூர் சிநேகிதர் ஒருவர் சில மாதங்களுக்கு முன்பு டாக்டருக்குக் கொடுத்த பரிசு அவன். அவனோடு நாலு பெண் பறவைகளும் வந்தன. அவை பச்சை. இலையோடு இலையாக உட்கார்ந்திருந்ததால் அவற்றை யாரும் கண்டுகொள்ளவில்லை.

பிறகு ஹாலில் தண்ணீர்க் குழாய் வெடித்தது. சுவரை இடித்துத் தரையைப் பெயர்க்க வேண்டியதாயிற்று. பறவைகள் மிரளக் கூடாது, தூசு போகக் கூடாது என்று டாக்டர் கண்ணாடிச் சுவரின் மேல் தார்ப்பாய் போட்டு மூடி, கதவைத் தானே பூட்டிச் சாவியைத் தன் இடுப்பிலேயே வைத்துக்கொண்டார். வேலை ஒரு மாதத்துக்கு மேல் இழுத்தது. அத்தனை நாளும் பறவைகளுக்குச் சாப்பாடு பின்னறைச் சுவரில் இருந்த ஒரு சின்னத் திறப்பு வழியாகத் தட்டில் போயிற்று. நேற்றுத்தான் தார்ப்பாயை எடுத்தார்கள். பூட்டு அப்படியே இருந்தது, கண்ணாடி அப்படியே இருந்தது, ராஜாவைக் காணோம்.

அந்தப் பின்னறையில் குடியிருந்தது டாக்டரின் தம்பி. முப்பத்தைந்து வயதுக்காரன். நிலையான வேலை இல்லை, கல்யாணம் இல்லை, பேச்சும் அதிகம் இல்லை. பறவைகளுக்குப் பழம் வைப்பதும் அண்ணன் மகளைப் பள்ளிக்கூடத்தில் விட்டுக் கூட்டிவருவதும் அவன் பொறுப்பு.

இதற்கு மேல் துப்பறிய என்ன இருக்கிறது? அக்காவும் டாக்டரும் பின்னால் வர, லென்ஸ் நேராகப் பின்னறைக்குப் போனார். தலையணையைத் தூக்கினார். கீழே ஒரு பற்பசை அட்டைப்பெட்டி. உள்ளே நீல இறகுகள். அந்தக் கணத்துக்காகவே பிறந்தவர்போல அவர் பெட்டியைக் கையில் பிடித்துக்கொண்டு, அறையை ஒரு சுற்று நடந்து, ஜன்னல் பக்கம் திரும்பி நின்று, "உள்ளே போக ஒரே ஒரு திறப்பு. திறப்புக்குப் பக்கத்துல ஒரே ஒரு ஆள். ஆள் தலைமாட்டுல ராஜாவோட இறகு" என்று நிறுத்தி நிறுத்திச் சொன்னார். ஜன்னலுக்கு வெளியே இருந்தது பக்கத்து வீட்டுச் சுவர். இருந்தாலும் அதைப் பார்த்துச் சொன்னால்தான் எடுப்பாக இருக்கும் என்று அவருக்குத் தோன்றியது.

"தட்டு கிட்ட விழுந்து கிடந்துச்சு. குட்டிக்குக் குடுக்கலாம்னு எடுத்து வெச்சேன்" என்றான் தம்பி. குட்டி என்பது அண்ணன் மகள். பிறகு அண்ணனையே பார்த்துக்கொண்டு நின்றான்.

டாக்டர் முகத்தில் ஈயாடவில்லை. "சாயங்காலத்துக்குள்ள இந்த வீட்டை விட்டுப் போயிடு" என்றார். தம்பி பையை எடுத்துத் துணிகளை மடித்து வைக்க ஆரம்பித்தான். லென்ஸ் பெருமையோடு போய்ப் பல் நாற்காலியில் சாய்ந்து வாயைத் திறந்தார்.

"இப்போ சொல்லு. எது சரியில்ல?" என்று ஆபீஸில் அக்காவைக் கேட்டார் லென்ஸ்.

"அந்தப் பையன்கிட்ட நான் ஒரே ஒரு கேள்வி கேட்டேன், ஞாபகம் இருக்கா?"

"பறவைக்கு எப்படிச் சாப்பாடு வெப்பீங்கன்னு கேட்ட. உனக்கு எங்க போனாலும் சமையல்கட்டு நினைப்புதான்."

"அதுக்கு அவன் என்ன சொன்னான்?"

"எப்பவும் வெக்கிற அளவுதான் பப்பாளியும் வாழைப்பழமும் நறுக்கி வெப்பேன், தட்டு தினமும் காலியா வரும்னான். நேத்து வரைக்கும் காலியாத்தான் வந்துச்சுன்னான்."

"அஞ்சு பேர் சாப்பிடற வீட்டுல ஒருத்தன் ஊருக்குப் போயிட்டா, சமைச்சது மிஞ்சுமா மிஞ்சாதா?"

"மிஞ்சும்."

"தட்டுல மிஞ்சலையே."

லென்ஸுக்கு மரத்துப்போகாத பாதி முகமும் மரத்துப்போயிற்று. இருந்தாலும் அவ்வளவு சுலபத்தில் தோற்றுப்போனால் தொழில் என்னாவது? "மிச்சத்தைப் பச்சைங்க சேர்த்துச் சாப்பிட்டிருக்கும். இல்லன்னா அவன் பொய் சொல்றான்."

"திருடினவனா இருந்தா அந்தக் கேள்விக்கு ரெண்டு நொடி யோசிச்சிருப்பான்டா. எதைச் சொன்னா மாட்டிக்குவோம்னு அவனுக்குத் தெரியும்ல? இவன் யோசிக்கவே இல்ல. சரி, அதை விடு. அந்தப் பெட்டியில எவ்வளவு இறகு இருந்துச்சு?"

"நிறைய."

"நிறையன்னா?"

"மூடியே சரியா மூடல."

"ஒரு குருவியைக் கைய விட்டு அமுக்கிப் பிடிச்சா எத்தனை இறகு உதிரும்? நாலு. ரொம்பத் துள்ளினா எட்டு. பெட்டி நிறைய உதிருதுன்னா, அவன் உட்கார்ந்து ஒவ்வொண்ணாப் பிச்சிருக்கணும். மொட்டைக் குருவிய எவன்டா வாங்குவான்?"

லென்ஸ் பதில் சொல்ல வாயைத் திறந்தார். வாயில் மிச்சமிருந்த டீ வெளியே வந்தது. காலையில் பெட்டியை உயரத் தூக்கிப் பிடித்தபோது, நிறைய இருக்கிறது, ஆதாரம் பலமாக இருக்கிறது என்று மகிழ்ந்துபோனது அவருக்கு நினைவு வந்தது. பெட்டி நிறைய இருந்ததுதான் அந்தத் தம்பி திருடவில்லை என்பதற்கு ஆதாரம் என்று இப்போது உறைத்தது.

"அவன் எந்த பஸ்ஸுல போறான்?" என்றார்.

"அஞ்சு மணி பஸ். ரிசப்ஷன்ல இருக்கற பொண்ணு சொல்லிச்சு. கிளம்பு."

அக்காவின் ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்து போவது லென்ஸுக்குப் பிடிக்காத விஷயம். ஒரு துப்பறிவாளர் அக்காவின் இடுப்பைப் பிடித்துக்கொண்டு குற்றம் நடந்த இடத்துக்குப் போய் இறங்குவது எந்த அட்டைப்படத்திலும் வராது. ஆனால் அவருக்கு ஸ்கூட்டர் ஓட்டத் தெரியாது. வேறு வழியில்லாமல் பூதக்கண்ணாடி விழாமல் பையைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்தார்.

ஹாலில் புது பெயிண்ட் வாசனை. டாக்டர் உள்ளே ஒரு பல்லோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார், மிஷின் சத்தம் கேட்டது. காத்திருந்தவர் ஒரே ஒருவர். வலது கன்னம் பந்து மாதிரி வீங்கி, தலையைச் சுற்றித் துண்டு கட்டியிருந்தார். லென்ஸ் அவரைக் கண்டுகொள்ளாமல் கண்ணாடிச் சுவருக்கு எதிரே போய் நின்றார்.

உள்ளே இலைகள் ஆடின. பச்சை இலைக்கு நடுவே பச்சைப் பறவை. லென்ஸ் எண்ணினார். மூன்று. ஒன்று பறந்து இடம் மாறியது. மறுபடி எண்ணினார், ஆறு. வாழ்க்கையில் முதல் தடவையாகத் தொழிலுக்குப் பயன்படட்டும் என்று பூதக்கண்ணாடியை எடுத்துச் சுவரோடு வைத்துப் பார்த்தார். ராட்சசக் கண் ஒன்று அவரையே முறைத்தது. அது அவருடைய கண்தான்.

"அஞ்சு" என்றார் பின்னாலிருந்து கன்னம் வீங்கியவர்.

இரண்டு பேரும் திரும்பினார்கள்.

"அஞ்சு பச்சை இருக்கு. காலையில இருந்து இங்கதான் உட்கார்ந்திருக்கேன். டாக்டருக்கு மனசு சரியில்ல, வெயிட் பண்ணுங்கன்னு சொன்னாங்க. படிக்க ஒரு பத்திரிகை கூட இல்ல. வேற என்ன பண்றது, எண்ணிக்கிட்டே இருக்கேன்."

"இதை ஏன் நீங்க யார்கிட்டயும் சொல்லல?" என்றார் லென்ஸ்.

"யாரு கேட்டா? நீங்க காலையில இந்தப் பக்கமா விறுவிறுன்னு பின்னறைக்குப் போனீங்க. அப்புறம் வாயைப் பிடிச்சுக்கிட்டு வெளிய போனீங்க. நடுவுல ஒரு தடவைகூட இந்தப் பக்கம் திரும்பல."

அக்கா சிரிப்பை அடக்கிக்கொள்ள முந்தானையை வாயில் வைத்துக்கொண்டார். லென்ஸ் அசடு வழிந்தார். கன்னம் வீங்கியவர் சொன்னது அத்தனையும் நிஜம். காணாமல்போன பறவையைத் தேட வந்த ஆள், இருக்கிற பறவைகளைப் பார்க்கவே இல்லை.

"வந்தது நாலு பச்சை. இப்போ அஞ்சா?" என்று அக்கா முணுமுணுத்தார்.

"அதுல ஒண்ணு மட்டும் கொஞ்சம் வேற மாதிரி" என்று கன்னம் வீங்கியவர் தொடர்ந்தார். பேசப் பேச அவருக்கு வலி மறந்துவிட்டதுபோல இருந்தது. "மத்ததுக்கு ரெக்கையும் பச்சை. அந்த மூலையில தனியா உட்கார்ந்திருக்கு பாருங்க, அதுக்கு ரெக்கை கறுப்பு."

லென்ஸ் பார்த்தார். மூலையில் தொங்கிய கொடிக்குப் பின்னால், யார் கண்ணிலும் படக் கூடாது என்பதுபோல, மங்கலான பச்சை உடம்பும் கறுப்புச் சிறகுமாக ஒரு பறவை உட்கார்ந்திருந்தது. ரிசப்ஷன் மேஜைக்கு மேலே சட்டம் போட்டு மாட்டியிருந்த ராஜாவின் பெரிய போட்டோவைப் பார்த்தார். கறுப்புச் சிறகு. சிவப்புக் கால். கொடியைப் பிடித்திருந்த கால்களைப் பார்த்தார். அவையும் அதே சிவப்பு.

அப்போது கூரையில் இருந்த தூவும் குழாய் திறந்து தண்ணீர் தெறித்தது. அந்தப் பறவை நனைந்து, சிலிர்த்து, தொண்டையைத் தூக்கியது. தாடைக்குக் கீழே இன்னும் விழாமல் கருநீலமாக இரண்டே இரண்டு இறகு ஒட்டிக்கொண்டிருந்தது.

"ராஜா சட்டை மாத்திக்கிட்டானா?" என்றார் அக்கா மெதுவாக.

லென்ஸ் உள் அறைக் கதவைத் தட்டாமலே திறந்தார். டாக்டர் கையுறையோடு திரும்பினார். நாற்காலியில் ஒரு அம்மாள் வாயில் பஞ்சோடு படுத்திருந்தார். "டாக்டர், கொஞ்சம் வெளிய வாங்க. உங்க ராஜா இங்கதான் இருக்கான்."

டாக்டர் வெளியே வந்து பார்த்தார், எண்ணினார், போட்டோவைப் பார்த்தார். பிறகு அவர் முகம் இன்னும் கடுத்தது. "புரிஞ்சுபோச்சு. ராஜாவைத் தூக்கிட்டு, கணக்குக் குறையக் கூடாதுன்னு வேற ஏதோ ஒண்ணைத் திறப்பு வழியா உள்ள விட்டிருக்கான்."

காலையில் இதே மாதிரி கெட்டிக்காரத்தனமாகப் பேசியது லென்ஸ். இப்போது அதை டாக்டர் பேசுகிறார். இந்த வியாதி தன்னிடமிருந்துதான் அவருக்குத் தொற்றியது என்று லென்ஸுக்குச் சந்தேகமே இல்லை.

"இதைக் குடுத்த உங்க சிநேகிதருக்கு ஒரு போன் போடுங்க சார்" என்றார் அக்கா. "எங்க சார் காலையிலேயே போட்டிருக்க வேண்டியது. அவருக்குப் பல்லு வலி."

டாக்டர் ஸ்பீக்கரில் போட்டார். சிநேகிதர் விஷயத்தைப் பாதி கேட்டதுமே சிரிக்க ஆரம்பித்தார்.

"பச்சையாயிட்டானா? ஆமாடா, குஞ்சு பொரிக்கிற சீசன் முடிஞ்சா ஆண் பறவை நீலத்தை உதிர்த்துட்டுப் பச்சையாயிடும். சிறகு மட்டும் கறுப்பாவே இருக்கும். அந்த நேரத்துல வெக்கப்பட்டு ஒளிஞ்சுக்கும், பாடாது. கொஞ்ச மாசம் போனா மறுபடி நீலம் வந்துரும். நான் சொல்லலையா?"

"சொல்லல" என்றார் டாக்டர்.

"மறந்திருப்பேன். உன் தம்பிக்கிட்டயாவது சொன்ன மாதிரி ஞாபகம். இல்லையோ? அவன் எப்படி இருக்கான்?"

டாக்டர் போனை அணைத்தார். ஒரு கையுறையைக் கழற்றினார். மற்றதை மறந்துவிட்டு, "பஸ் எத்தனை மணிக்கு?" என்று யாரையும் பார்க்காமல் கேட்டார்.

மூன்று பேரும் டாக்டரின் காரை நோக்கி ஓடினார்கள். வாயில் பஞ்சோடு இருந்த அம்மாள் நாற்காலியில் எழுந்து உட்கார்ந்து கையை ஆட்டினார். "அப்போ இன்னிக்கும் என் பல்லு?" என்றார் கன்னம் வீங்கியவர். அவருக்கு யாரும் பதில் சொல்லவில்லை. இந்தக் கேஸைத் துப்புத் துலக்கிய ஒரே ஆள் அவர்தான். அவரைத்தான் அங்கே யாரும் கவனிக்கவில்லை.

பஸ் நிலையத்தில் தம்பி சிமெண்ட் பெஞ்சில், மடியில் ஒரே ஒரு பையோடு உட்கார்ந்திருந்தான். வெள்ளைக் கோட்டும் ஒரு கையில் கையுறையுமாக அண்ணன் வருவதைப் பார்த்ததும் எழுந்து நின்றான். டாக்டர் அவனுக்கு எதிரே போய் நின்றார். லென்ஸ்தான் தொடங்க வேண்டியதாயிற்று. ஊசியின் வேகம் குறைந்திருந்ததால் பேச்சு கொஞ்சம் தெளிவாக வந்தது.

"ராஜா உள்ளேயே இருக்கான். நிறம் மாறியிருக்கான், அவ்வளவுதான். இது இந்த ஜாதிப் பறவைக்கு வழக்கமாம். நீங்க பொறுக்கி வெச்சது தானா உதிர்ந்த இறகு."

தம்பியின் முகம் மலர்ந்தது. "ராஜா இருக்கானா? நல்லா இருக்கானா?" என்று கேட்டான். "தட்டு காலியா வரும்போதெல்லாம் இருக்கான்னுதான் நெனச்சேன். நேத்து தார்ப்பாயை எடுத்துப் பார்த்தா இல்ல. செத்துகித்துக் கிடக்கறானோன்னு ராத்திரியெல்லாம் தூங்கல."

லென்ஸ் தலையைக் குனிந்துகொண்டார். ஒரு திருடன் இந்தக் கேள்வியை முதலில் கேட்க மாட்டான் என்பது அவருக்குக் காலையிலேயே தெரிந்திருக்க வேண்டும். "தப்பு என்னோடது. இறகைப் பார்த்தேன், உங்களைப் பார்க்கல. மன்னிச்சிடுங்க" என்றார். அவருக்கு உண்மையிலேயே வெட்கமாக இருந்தது.

"நீங்க வெளி ஆளு சார். சந்தேகப்படறது உங்க வேலை. உங்க மேல எனக்கு வருத்தம் இல்ல."

டாக்டர் ஓர் அடி முன்னால் வந்தார். "வாடா, வீட்டுக்குப் போலாம். கார் வெளிய நிக்குது."

தம்பி அண்ணனை நிமிர்ந்து பார்த்தான். "அண்ணா, அவர் பெட்டியத் தூக்கிக் காட்டினப்ப நான் உன்னைத்தான் பார்த்துக்கிட்டிருந்தேன். என் தம்பி அப்படிச் செய்ய மாட்டான்னு ஒரு வார்த்தை சொல்லுவியான்னு பார்த்தேன். ராஜாவை உனக்கு அடையாளம் தெரியாதது பெரிசில்ல. அவன் வந்து சில மாசம்தான் ஆச்சு. என்னை உனக்குப் பிறந்ததுல இருந்து தெரியுமே."

டாக்டர் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார். பஸ் வந்து நின்றது. கண்டக்டர் ஊர்ப் பெயரைச் சொல்லிக் கத்தினார். டாக்டர் தம்பியின் பையைப் பிடித்துக்கொண்டார். தம்பி அவர் விரல்களை மெதுவாக விலக்கிப் பையை வாங்கிக்கொண்டான். கோபம் எதுவும் அதில் இல்லை. அதுதான் பார்க்கச் சகிக்கவில்லை.

"நாத்துப் பண்ணை வெச்சிருக்கான் என் கூடப் படிச்சவன். ரொம்ப நாளா வேலைக்குக் கூப்பிடறான். நான்தான் பறவைங்கள விட்டுட்டு எப்படி வர்றதுன்னு தட்டிக் கழிச்சேன்" என்றான். "கொஞ்ச நாள் அங்க இருந்து பார்க்கறேன். குட்டிக்கு இன்னிக்கு டான்ஸ் கிளாஸ், அஞ்சரைக்கு விடும், மறந்துடாத. சித்தப்பா வேலைக்குப் போயிருக்கேன்னு சொல்லு. இதெல்லாம் சொல்லாத."

ஜன்னலோர இடத்தில் போய் உட்கார்ந்தான். டாக்டர் ஜன்னலுக்குக் கீழே போய் நின்றார். என்ன கேட்பது என்று தெரியாமல், "பழம் எப்படி நறுக்கணும்?" என்று கேட்டார்.

"பொடிசா. விதை இருக்கக் கூடாது. பப்பாளி நல்லாப் பழுத்ததா இருக்கணும். சர்க்கரைத் தண்ணிய தினமும் மாத்து, புளிச்சா வயித்துக்கு ஆகாது." பஸ் நகர்ந்தது. டாக்டர் கூடவே நடந்தார். "நீலம் திரும்ப வந்ததும் போன் பண்ணு அண்ணா" என்றான் தம்பி. "வந்து பார்க்கறேன்."

பஸ் வளைவில் மறையும்வரை டாக்டர் அங்கேயே நின்றார். பிறகு மகளைக் கூட்டிவரக் காரை எடுத்துக்கொண்டு போய்விட்டார். தன்னோடு வந்த இரண்டு பேர் இருக்கிறார்கள் என்பதே அவருக்கு மறந்துவிட்டது. ஸ்கூட்டர் கிளினிக்கிலேயே நின்றிருந்தது. அக்காவும் லென்ஸும் நடக்க ஆரம்பித்தார்கள்.

நாற்சந்தி தாண்டியதும் லென்ஸ் நின்றார்.

"அக்கா, ஒண்ணு கேக்கறேன். என் தலையணைக்குக் கீழ அந்தப் பெட்டி இருந்திருந்தா நீ என்ன சொல்லியிருப்ப?"

அக்கா இரண்டு நொடிகூட யோசிக்கவில்லை. "இவன் எடுக்கலன்னு சொல்லியிருப்பேன்."

"ஆதாரம் கையில இருக்கே."

"இருந்துட்டுப் போகட்டும். பூட்டின ரூமுக்குள்ள இருந்து ஒரு குருவிய வெளிய எடுக்கற அளவுக்கு உனக்குச் சாமர்த்தியம் ஏதுடா?"

அது வசவுதான். ஆனால் டாக்டரின் தம்பிக்கு இன்று காலை இப்படி ஒரு வசவு கிடைத்திருந்தால், அவன் அந்த பஸ்ஸில் ஏறியிருக்க மாட்டான் என்று லென்ஸுக்குத் தோன்றியது.